துரை போட்ட முட்டைகள்

காலை ஏழரைக்குத் துரைக்குத் தண்ணீர் விளாவுவது பாண்டீஸ்வரனின் வேலை. குளியலறையில் நீல பேசினை இழுத்துப் போட்டு, பச்சைத் தண்ணீர் ஒரு வாளி ஊற்றி, அடுப்பிலிருந்து வெந்நீர் இரண்டு சொம்பு கலந்து, முழங்கையை உள்ளே விட்டுப் பார்ப்பார். கைக்குழந்தைக்கு விளாவுகிற பதம் என்று மலையம்மாள் சொல்லியிருந்தாள். கைக்குழந்தைக்கு அவர் ஒருநாளும் விளாவியதில்லை. அதனால் அந்தப் பதம் பிடிபட அவருக்கு ஒரு மாதம் ஆனது.

துரை ஒரு இக்வானா. மகன் இனியன் கோயம்புத்தூரில் படிக்கும்போது ஒரு சாண் குட்டியாக வாங்கி, துணிப்பையில் போட்டு பஸ்ஸில் கொண்டுவந்தான். இப்போது மூக்கிலிருந்து வால் நுனிவரை நாலேகால் அடி. அனுமந்தன்பட்டிப் பிள்ளைகளுக்கு அது பச்சை உடும்பு. பெரியவர்களுக்குப் பாண்டி வீட்டு ஓணான். வருகிறவர்கள் எல்லோரும் தவறாமல், "ஃபாரஸ்ட்காரக பிடிச்சுட்டுப் போக மாட்டாகளா?" என்று கேட்பார்கள். பாண்டீஸ்வரன் அறைக்கதவில் ஒட்டியிருக்கும் தாளைக் காட்டுவார். வெளிநாட்டுப் பிராணி என்று இனியன் முறையாகப் பதிவு செய்து, லேமினேட் போட்டு ஒட்டிவிட்டுப் போயிருந்தான்.

ஓசூரில் வேலை கிடைத்து அடுக்குமாடியில் வீடு பார்த்தபோது, "ரெண்டே மாசம்மா" என்று அம்மாவிடம் துரையை விட்டுப் போனவன். நாலு வருஷமாயிற்று. இடையில் அவனுக்கும் நதியாவுக்கும் கல்யாணம் நடந்தது. துரை வளர்ந்தது. கூண்டு போதாமல் அவனுடைய அறையே துரையின் அறையானது. முருங்கைக்கீரை உருவிப் போடுவது, பூசணிக்காயைத் துருவுவது, வெயில் விளக்கைக் காலையில் போட்டு சாயங்காலம் அணைப்பது எல்லாம் மலையம்மாள்தான். பாண்டீஸ்வரன் அந்தப் பக்கமே போகமாட்டார். உத்தமபாளையத்தில் கோழித்தீவனக் கடை, இருபத்தெட்டு வருஷம். காலையில் போனால் ராத்திரிச் சோற்றுக்குத்தான் வீடு. மகனிடமிருந்து போன் வந்தால் அவர் எடுத்து, "ம்... இரு, ஒங்கம்மா பேசுறா" என்று கைமாற்றிவிடுவார். அப்பனும் மகனும் சண்டை போட்டவர்கள் இல்லை. பேசிப் பழகவில்லை, அவ்வளவுதான். அவன் என்ன சொன்னான் என்பதைச் சாப்பிடும்போது மலையம்மாள் சொல்லிவிடுவாள். அதற்கு மேல் என்ன வேண்டும்?

போன வருஷம் பங்குனியில் மலையம்மாள் இறந்துபோனாள். மூன்று நாள் காய்ச்சல், நாலாம் நாள் இல்லை. முட்டிவலியைக் காரணம் சொல்லி பாண்டீஸ்வரன் கடையைக் கைமாற்றிவிட்டார். வீட்டில் அவரும் துரையும் மிஞ்சினார்கள். துரை அவளைத் தேடவில்லை. தீனி போட்ட கை மாறியதை அது கவனித்ததாகவே தெரியவில்லை. "அதுக்கெல்லாம் துக்கம் தெரியாதுப்பா, பல்லி சாதி" என்றான் இனியன். வீட்டில் ஒருவருக்காவது துக்கம் இல்லை என்பது பாண்டீஸ்வரனுக்கு ஒருவகையில் வசதியாகவே இருந்தது.

போனை வாங்கிக்கொள்ள இனி ஆள் இல்லை. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்கு இனியன் கூப்பிடுவான்.

"சாப்பிட்டுச்சாப்பா?"

"ம்."

"வெளிக்குப் போச்சா?"

"காலைல தண்ணில விட்டதும் போச்சு."

"தோலு உரியுதா?"

"வால்ல கொஞ்சம் உரிஞ்சது."

"சரிப்பா. பாத்துக்கங்க."

இரண்டு நிமிஷம், சில நாள் மூன்று. 'நீங்க சாப்பிட்டீகளா' என்று அவன் கேட்டதில்லை. கேட்டால் என்ன பதில் சொல்வதென்று அவருக்கும் தெரியாது. ஆனால் ஞாயிற்றுக்கிழமை ஐந்தரைக்கே டிவியை அணைத்துவிட்டு, போனை முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். அந்த வாரத்தில் துரை செய்ததையெல்லாம் மனதுக்குள் ஒருமுறை வரிசையாக ஓட்டிப் பார்ப்பார். செவ்வாய்க்கிழமை மயிலைப் பார்த்துத் தலையை ஆட்டியது. வெள்ளிக்கிழமை அகத்திக்கீரையை ஒதுக்கியது. இவ்வளவு சேதி இருந்தால் மூன்று நிமிஷம் வரும்.

இந்த மாசியில் துரை சாப்பிடுவதை நிறுத்திக்கொண்டது.

முதல் நாள் கீரை அப்படியே கிடந்தது. இரண்டாம் நாள் செம்பருத்தியைக்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. நாலாம் நாள் ஞாயிற்றுக்கிழமை.

"சாப்பிட்டுச்சாப்பா?"

சாப்பிடவில்லை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார். சொன்னால் மதுரைக்குக் கொண்டுபோ என்பான், இல்லை நானே தூக்கிட்டுப் போறேன் என்பான். செத்துக்கித்துப் போய்விட்டால்? பிறகு ஞாயிற்றுக்கிழமை ஆறு மணிக்கு அவன் என்ன கேட்பான்?

"சாப்பிட்டுச்சு," என்றார்.

"என்ன குடுத்தீக?"

"முருங்கைக்கீரை. நாலு பூ."

அடுத்த ஞாயிறும் அதையேதான் சொன்னார். இந்தமுறை பூசணிக்காயையும் சேர்த்துக்கொண்டார். மூன்றாவது ஞாயிறும் 'சாப்பிட்டுச்சு'தான்.

மகனிடம் சொல்லாமல் தனக்குத் தெரிந்த வழியெல்லாம் பார்த்தார். கொடித்தோட்டத்துத் திராட்சை ஆகாது, மருந்தடித்திருப்பார்கள் என்று பப்பாளி வாங்கிவந்து நசுக்கி வாயருகில் பூசினார். மாட்டு டாக்டரிடம் கேட்டார். "எனக்கு நாலு கால்னா ஆடு மாடுதாண்ணே தெரியும். மதுரைல ஒருத்தர் இருக்காரு, கொண்டு போங்க" என்று அவர் உள்ளதைச் சொன்னார். இதற்கிடையில் துரை அறை மூலையில் போய் டைல்ஸைப் பிறாண்ட ஆரம்பித்தது. விளக்கு எரிகிற நேரமெல்லாம் பிறாண்டல்தான். நகம் தேய்ந்து ரத்தம் கசிந்தது. கால்கள் குச்சியாகிவிட்டன. வயிறு மட்டும் வற்றவில்லை.

பூ கொடுக்க வந்த பக்கத்து வீட்டுப் பவுனு ஜன்னலில் எட்டிப் பார்த்தாள்.

"அண்ணே, இன்னைக்கு ஆறு பூதான். சாமிக்கு ரெண்டு எடுத்துக்கிட்டேன். ஒங்க தொரை கோவிச்சுக்கிற மாட்டாரே?"

"தின்னாத்தான கோவிச்சுக்கிறதுக்கு."

"ஏன், எங்க வீட்டுப் பூ அவுகளுக்கு எறங்கலயோ?" என்றவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு இன்னும் நன்றாகப் பார்த்தாள். "திங்காமயா இம்புட்டு வயிறு? என் மருமகளுக்கு எட்டாம் மாசத்துல இப்படித்தான் இருந்துச்சு."

"ஆம்பள அது."

"ஆரு பாத்தா?"

அவள் சிரித்துக்கொண்டே போய்விட்டாள். பாண்டீஸ்வரன் பூவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். யாரும் பார்க்கவில்லை என்பதுதான் உண்மை. விற்ற கடைக்காரன் ஆண் என்று சொன்னான், இனியன் துரை என்று பெயர் வைத்தான், முடிந்தது. சோடி இல்லாத பிராணிக்கு வயிற்றில் என்ன இருக்கமுடியும் என்று ஒரு கணம் தோன்றியது. மறுகணம் தன்னையே வைதுகொண்டார். இருபத்தெட்டு வருஷம் முட்டைக்கோழிக்குத் தீவனம் விற்றவன் நினைக்கிற நினைப்பா இது? சேவல் முகத்தையே பார்க்காத கோழிதானே கூண்டில் நாள் தவறாமல் முட்டை போடுகிறது. முட்டை அடைத்துக்கொண்ட கோழியையும் அவர் பார்த்திருக்கிறார். தீவனத்தைத் தொடாது, மூலையைத் தேடும், மூன்றாம் நாள் காலைத் தூக்கிக்கொண்டு கிடக்கும்.

மறுநாள் குளிப்பாட்டும்போது துரையின் வயிற்றுக்கடியில் கையைக் கொடுத்தார். தண்ணீருக்குள் விரல்களில் உருண்டை உருண்டையாகத் தட்டுப்பட்டது, பையில் கட்டிய நெல்லிக்காய் மாதிரி.

அன்றைக்கே பழைய கடைக்குப் போய், தீவனத்தில் கலக்கிற மொலாசஸ் பாகு வந்த நீல டிரம் ஒன்றைக் கேட்டு வாங்கிவந்தார். ஒருபக்கம் வாய் அறுத்து, படுக்கப்போட்டு, இரண்டு பக்கமும் செங்கல் முட்டுக்கொடுத்தார். பவுனு வீட்டுக் கட்டட வேலையில் மிஞ்சிய மணலில் செம்மண்ணைக் கலந்து, பிடித்தால் பிடி நிற்கிற ஈரத்தில் பிசறி, முக்கால் டிரம் நிரப்பினார். மேலே சாக்குப் போட்டு இருட்டாக்கினார். முட்டிவலி உயிரை எடுத்தது. யாரும் சொல்லித்தரவில்லை. முட்டையிடுகிற எதற்கும் இருட்டும் மறைவும் வேண்டும் என்கிற ஒன்றைத்தான் அவர் நம்பினார்.

துரை ஒருநாள் முழுக்க டிரம்மைச் சுற்றிச் சுற்றி வந்து நாக்கை நீட்டியது. அடுத்த நாள் பத்து மணிக்கு உள்ளே போனது. மண்ணை வாரி வெளியே எறிகிற சத்தம் கேட்டது. பாண்டீஸ்வரன் நாற்காலியை எடுத்து வாசற்படிக்கு வெளியே போட்டு உட்கார்ந்தார். மத்தியானம் சோறு ஆக்கவில்லை. இனியன் பிறந்தபோது அவர் நாமக்கல்லில் லோடு ஏற்றிக்கொண்டிருந்தார். சேதி மறுநாள்தான் கிடைத்தது. அதை அவர் அப்போது பெரிதாக நினைக்கவில்லை.

விளக்கை அணைக்கிற நேரத்தில் துரை வெளியே வந்தது. உடம்பு வற்றி, தோல் அளவு தப்பிய சட்டை மாதிரி தொங்கியது. தட்டில் இருந்த செம்பருத்தி ஆறையும் நின்ற இடத்திலேயே விழுங்கியது. மறுநாள் காலை மண்ணைக் கிளறி எடுத்தார். வெள்ளை வெளேரென்று, தொட்டால் தோல்மாதிரி அமுங்குகிற முட்டைகள், முப்பத்திரண்டு.

புதன்கிழமை அது. கிழமையெல்லாம் அவர் பார்க்கவில்லை. வாழ்க்கையில் முதல்தடவையாக அவராக மகனுக்குப் போன் போட்டார். முதல் மணியிலேயே எடுத்தான்.

"என்னப்பா? ஒடம்புக்கு ஏதும்..."

"ஒண்ணுமில்லடா. ஒந் தொரை முட்டை போட்டிருக்கு. முப்பத்திரண்டு."

அந்தப் பக்கம் இனியன் சிரித்தான். சின்ன வயசில் கேட்ட சிரிப்பு. "நெசமாவாப்பா? அது ஆம்பளைல்ல?" என்றான். பாண்டீஸ்வரன் டிரம்மைப் பற்றி, மணலைப் பற்றி, கோழியைப் பற்றிச் சொன்னார். இவ்வளவு பேச்சு தனக்குள் எங்கே இருந்தது என்று அவருக்கே ஆச்சரியம். பேச்சு வாக்கில் சொல்லிவிட்டார்: "பத்தொம்பது நாளு பச்சத் தண்ணி பல்லுல படலடா. நான் பட்ட பாடு..."

"எத்தன நாளு?"

அவர் போனை மறு காதுக்கு மாற்றினார்.

"ஞாயித்துக்கெழம கேட்டனே. சாப்பிட்டுச்சுன்னு சொன்னீக."

"சொன்னேன்."

"அதுக்கு முந்தின ஞாயிறும் கேட்டேன். பூசணிக்காய்னு சொன்னீக."

"ம்."

"ஏம்ப்பா? செத்துப்போயிருந்தா? அப்பவும் சாப்பிட்டுச்சுன்னே சொல்லிருப்பீகளா?"

ஏன் என்பதற்குப் பதில் அவரிடம் இருந்தது. அதைச் சொல்கிற பழக்கம்தான் இல்லை.

"சனிக்கெழம வர்றேன்," என்றான் இனியன்.

அந்த மூன்று நாளும் பாண்டீஸ்வரன் வீட்டைக் கழுவினார். மெத்தையை வெயிலில் போட்டார். நாட்டுக்கோழி எடுத்துக் கொடுத்துப் பவுனைக் குழம்பு வைக்கச் சொன்னார். "மாமியார் வீட்டுக்குக்கூட இம்புட்டு அவசரமா வரமாட்டான். பேறுகாலம் பாக்கவா வர்றான்?" என்று பவுனு கேலி செய்தாள். எப்படியும் பொரியப்போவதில்லை என்று முட்டைகளை முருங்கை மரத்தடியில் புதைத்துவிட்டு, அவனுக்குக் காட்ட மட்டும் இரண்டை ஃபிரிட்ஜ் கதவில் கோழிமுட்டைகளுக்குப் பக்கத்தில் வைத்திருந்தார்.

கார் வந்து நின்றபோது அவர் முதலில் பார்த்தது மகனை இல்லை. பின்சீட்டில் கம்பிக்கதவு போட்ட ஒரு பெரிய பிளாஸ்டிக் பெட்டி இருந்தது.

"கீழ்த்தளத்து வீட்டுக்கு மாறிட்டோம்ப்பா. பின்னாடி எடம் இருக்கு," என்றான் இனியன். "ஒங்களுக்கும் எதுக்கு இந்தச் சிரமம்?"

"சிரமம்னு நான் சொன்னனா?"

"நீங்க எதத்தாம்ப்பா சொல்லியிருக்கீக?"

கோபமாகச் சொல்லவில்லை. கைகழுவிக்கொண்டே சொன்னான். ராத்திரி கோழிக்குழம்பை இரண்டுமுறை ஊற்றிக்கொண்டான். ஒரு மணி நேரத்துக்கு மேல் பேசிக்கொண்டிருந்தார்கள். அப்பனும் மகனும் அவ்வளவு பேசியது அதுதான் முதல்முறை. எல்லாம் துரையைப் பற்றி. பாண்டீஸ்வரன் சொல்லச் சொல்ல இனியன் போனில் குறித்துக்கொண்டான். பூவைக் காம்போடு கொடுத்தால் தின்னாது. நீ அனுப்புகிற சுண்ணாம்புப் பொடியோடு கொஞ்சநாளைக்கு முட்டைக்கோழிக்குப் போடுகிற கிளிஞ்சல் தூளையும் சேர்த்துக்கொள், முட்டை போட்ட உடம்பு. மயிலைக் கண்டால் தலையாட்டும், பயப்படாதே. ஃபிரிட்ஜைத் திறந்து தண்ணீர் எடுத்தவன் அந்த இரண்டு முட்டையையும் பார்த்தான். ஒன்றை எடுத்து அமுக்கிப் பார்த்துவிட்டுப் பழையபடி வைத்தான்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழரைக்குப் பாண்டீஸ்வரன் தண்ணீர் விளாவினார். துரை தண்ணீரில் வெளிக்குப் போனது. துவட்டி, அவரே தூக்கிப் பெட்டிக்குள் விட்டார்.

"விளக்க எடுத்துக்கலயா?"

"அங்க புதுசு வாங்கிட்டேம்ப்பா."

"கதவுல இருக்கிற தாளு?"

"போன்ல இருக்கு."

அறையில் டிரம் அப்படியே கிடந்தது. வெயில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. இனியன் குனிந்து பெட்டியை இரண்டு கையாலும் தூக்கினான்.

"ஏலே," என்றார் பாண்டீஸ்வரன்.

"சொல்லுங்கப்பா."

"அடுத்த ஞாயித்துக்கெழம நான் போன் போடட்டுமா? ஆறு மணிக்கு. அது சாப்பிட்டுச்சான்னு கேக்க."

பெட்டிக்குள் துரை புரண்டது. வால் பிளாஸ்டிக்கில் பளீரென்று அடித்தது. "ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல" என்று அதனிடம் சொல்லிக்கொண்டே இனியன் பெட்டி கதவு நிலையில் இடிக்காமல் பக்கவாட்டில் திரும்பி, அறையை விட்டு வெளியே போனான்.