எல்லைக்கல்லின் இருபுறமும் சாப்பாடு

காலை ஐந்தரை மணிக்குக் கள்ளக்குறிச்சியில் என் வீட்டை விட்டுக் கிளம்பினேன். ஒரு தோளில் வினாத்தாள் கட்டு வைத்த பை, இன்னொரு தோளில் எலுமிச்சைச் சோறும் தண்ணீர்ப் பாட்டிலும். பக்கத்து வீட்டு ராஜேஸ்வரி பாத்திரம் கழுவிய தண்ணீர் வழக்கம்போல் என் வாசற்படியை நனைத்துக்கொண்டு ஓடியது. புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு தாண்டினேன். அவள் கோலம் போட்டுக்கொண்டிருந்தாள்; நிமிர்ந்து பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை. அந்தத் தண்ணீர்த் தகராறில் நாங்கள் பேச்சை நிறுத்தி நாலு வருஷம் ஆகிறது. நல்ல காரியத்துக்குப் போகும்போது அவள் முகத்தில் விழித்தோமே என்று எரிச்சலோடுதான் பயணம் தொடங்கியது.

நான் வேலை பார்ப்பது எங்கள் வட்டாரப் பல்கலைக்கழகத்தின் தொலைதூரக் கல்விப் பிரிவில். கல்வராயன் மலையில் கீழ்மாவடி என்ற ஊரின் உறைவிடப் பள்ளியில் எங்களுக்கு ஒரு தேர்வு மையம் உண்டு. அங்கே கீழ்மாவடிக்காரர்கள் ஏழு பேரும், அதற்கு மேலே இருக்கும் மேல்மாவடிக்காரர்கள் ஐந்து பேரும் பட்டப்படிப்புத் தேர்வு எழுதுகிறார்கள். அந்த இரண்டு ஊருக்கும் திருவிழாவில் எந்த ஊர் மேளம் முதலில் அடிப்பது என்று சண்டை வந்து, மண்டைகள் உடைந்து, வழக்காகி, ஒரு ஊர்க்காரன் இன்னொரு ஊர் எல்லையை மிதிப்பதில்லை என்று இரண்டு பக்கமும் கட்டுப்பாடு போட்டுவிட்டார்கள். தேர்வு இரண்டு முறை தள்ளிப்போனது. மூன்றாம் முறை தேதி குறித்தவுடன் எங்கள் அலுவலகத்தில் ஒருவருக்கு முதுகு பிடித்துக்கொண்டது, ஒருவருக்கு மாமனார் படுத்த படுக்கையானார், ஒருவருக்கு மலை ஏறினால் காது அடைக்கும் என்று தெரியவந்தது. எனக்கு எந்த வியாதியும் உடனே தோன்றவில்லை. ஆகவே நான்.

என்னைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். தேர்வு நடத்தப் போகிறவர்கள் தேர்வர்களிடம் தேநீர் உட்பட எதையும் வாங்கிச் சாப்பிடக் கூடாது என்பது எங்கள் விதி. மற்றவர்கள் இதைப் படித்துவிட்டு வடை சாப்பிடுவார்கள். நான் பணியில் சேர்ந்த நாள் முதல் ஒரு சொட்டுத் தண்ணீர்கூட வாங்கிக் குடித்ததில்லை. மாணவர்கள் எனக்கு வைத்திருக்கும் பட்டப் பெயர் ‘பாட்டில் மேடம்’. அதில் எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைதான்.

ஆறு மணிக்கு வெள்ளிமலைப் பேருந்து. டிக்கெட் நாற்பது ரூபாய். கச்சிராயபாளையம் வரை சமவெளி, கரும்பும் மரவள்ளியும் மாறி மாறி வருகின்றன. கோமுகி அணையைத் தாண்டியதும் பேருந்து முனக ஆரம்பித்துவிடுகிறது. பக்கத்து இருக்கையில் கூடை நிறையக் கோழிக்குஞ்சு வைத்திருந்த ஒரு பெரியவர் என் பையைப் பார்த்தார்.

“மேல இன்னா வேலைங்க?”

“மாவடியில் பரீட்சை நடத்தப் போகிறேன்.”

அவர் கொஞ்ச நேரம் யோசித்தார். “யாரு ஜாஸ்தி அடிக்கிறாங்கன்னா?”

இல்லை, படிப்புப் பரீட்சை என்று விளக்கினேன். அவர் நம்பியதாகத் தெரியவில்லை. ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் கூடை என் மடிக்கு வந்து அவர் மடிக்குத் திரும்பியது. வெள்ளிமலையில் இறங்கும்போது என் புடவையில் கோழிக்குஞ்சுகளின் நினைவாக ஏதோ இருந்தது.

வெள்ளிமலையிலிருந்து மாவடிக்குப் பன்னிரண்டு கிலோமீட்டர், ஜீப்தான். ஓட்டுநர் பாபு நூற்றைம்பது கேட்டார். போன வருஷம் நூறுதானே என்றேன். “அப்ப சண்ட இல்லீங்களே மேடம். இப்ப கண்ணாடிக்கும் சேத்துத்தான்” என்றார். கண்ணாடி எங்கே என்று பார்த்தேன். ஏற்கெனவே இல்லை. போகிற வழியெல்லாம் கடுக்காய் மரம், பலா மரம், குளிர்ந்த காற்று. சண்டை போட மனம் வருகிற இடமே அல்ல. அதை நான் சொன்னதற்கு, “இங்க வேற இன்னா மேடம் பொழுதுபோக்கு?” என்றார் பாபு.

பத்து மணிக்குப் பள்ளிக்கூடத்தில் இருந்தேன். தேர்வு பிற்பகல் இரண்டு மணிக்கு. கீழ்மாவடியின் ஏழு பேரும் குளித்து, தலை வாரி, விபூதி பூசி உட்கார்ந்திருந்தார்கள். மேல்மாவடியின் ஐந்து பேர் இல்லை. காவலுக்கு வந்திருந்த இரண்டு போலீஸ்காரர்கள் வேப்பமரத்தடியில் கூழாங்கல் வைத்து ஆடுபுலி ஆடிக்கொண்டிருந்தார்கள். நீங்கள் போய் அவர்களை அழைத்து வரக் கூடாதா என்று கேட்டேன். புலி வைத்திருந்தவர் ஆட்டத்திலிருந்து கண்ணை எடுக்காமல், “நாங்க கூட்டிக்கினு வந்தா கைதி மாதிரி இருக்கும்னு வரமாட்டேன்றாங்க மேடம். ரெண்டு தபா போயி கேட்டுட்டோம்” என்றார்.

நானே ஏறினேன். அரைக் கிலோமீட்டரில் எல்லைக்கல். மஞ்சள் பூசிய ஒரு சாதாரணக் கல். அதற்கு அந்தப் பக்கம் ஐந்து பேரும் கையில் ஹால் டிக்கெட்டும் பேனாவுமாக வரிசையாக நின்றார்கள். கல்லைத் தாண்டி ஒரு கால் விரல்கூட இந்தப் பக்கம் இல்லை. முன்னால் நின்ற பெண்ணுக்கு நாற்பது வயது இருக்கும். பெயர் செல்லம்மாள், அங்கன்வாடி ஊழியர், மேல்மாவடியின் தலைவரான ஊர்க்கவுண்டரின் மகள். அவளுக்கு இந்த ஒரு பேப்பர்தான் பாக்கி. பழைய பாடத்திட்டம் இத்துடன் முடிகிறது. இன்று எழுதாவிட்டால் ஆறு வருஷம் படித்தது அத்தனையும் வீண், மேற்பார்வையாளர் வேலைக்கு மனுப் போடவும் முடியாது.

“தாண்டி வாம்மா, நான் இருக்கிறேன்” என்றேன்.

“நான் வந்துடுவேன் மேடம். அப்பறம் எங்கப்பா ஊர்ல தலைய நிமிர முடியாது. அங்கயும் எங்கள உள்ள வுடமாட்டாங்க.” கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு நின்றது. துடைத்துக்கொண்டு, ரகசியம் போலச் சொன்னாள்: “ஒரு வழி கீது. நீங்க எங்க வூட்டுக்கு வந்து கை நனைங்க. அப்பறம் நீங்க எங்கூரு விருந்தாளி. விருந்தாளிய யாரும் தடுக்க மாட்டாங்க. நாங்க உங்க கூட வந்தவங்க. விருந்தாளி கூட வந்தவங்களும் விருந்தாளிதான். கீழயும் அதே சட்டம்தான் மேடம்.”

தேர்வருடைய வீட்டில், தேர்வர் கையால், சாப்பாடு! ஒரு வாய்த் தண்ணீர் மட்டும் போதாதா என்று பேரம் பேசினேன். தண்ணீர் குடித்தால் வழிப்போக்கர், சோறு தின்றால்தான் விருந்தாளி என்றாள். என் எலுமிச்சைச் சோற்றை அவர்கள் வீட்டில் உட்கார்ந்து சாப்பிட்டால் என்ன என்று கேட்டேன். ஐந்து பேரும் என்னைப் பார்த்த பார்வையில் நான் மனுஷியாகவே தெரிந்திருக்க மாட்டேன். விதி பெரிதா, இவளுடைய ஆறு வருஷம் பெரிதா என்று அந்தக் கல்லருகே நின்று யோசித்தேன். நீண்ட நேரம் யோசித்தேன் என்று எழுத ஆசைதான். உண்மையில் அவள் முகத்தைப் பார்த்ததும் கால் தானாகவே மேலே ஏறிவிட்டது.

ஊர்க்கவுண்டர் வீட்டில் சாமைச் சோறு, மொச்சைக் குழம்பு, நாட்டுக்கோழி வறுவல். கவுண்டர் இருமிக்கொண்டே எதிரில் உட்கார்ந்து என் இலையைக் காவல் காத்தார். நான் கையை எடுக்கும்போதெல்லாம், “இன்னாங்க, கம்மியா துன்றீங்க? கீழ போயி மேல்மாவடில சோறு பத்தலன்னு சொல்லவா?” என்றார். என் சுத்தமான பணிக்காலம் மூன்றாவது கோழித் துண்டோடு முடிந்தது. கோழி மிக நன்றாக இருந்தது என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

பன்னிரண்டரைக்கு நான் முன்னால், ஐந்து பேரும் பின்னால், கல்லைத் தாண்டினோம். கீழ்மாவடி முகப்பில் ஒரு கூட்டம் கை கட்டி நின்றது. “எங்கூரு எல்லையில இவங்களுக்கு இன்னா வேல?” என்று ஒருவர் ஆரம்பித்தார். “என்னோடு வந்தவர்கள். நான் மேல்மாவடி விருந்தாளி” என்றேன். கூட்டம் தங்களுக்குள் பேசியது. பிறகு வழி விட்டது. அப்பாடா என்று பள்ளிக்கூடப் பக்கம் திரும்பினேன். ஒரு அம்மாள் குறுக்கே வந்து நின்றார்.

கீழ்மாவடி ஊர்க்கவுண்டரின் மனைவி. பெயர் பொன்னம்மாள். மேல்மாவடிக் கவுண்டரின் கூடப்பிறந்த தங்கை, அதாவது செல்லம்மாளுக்குச் சொந்த அத்தை. சண்டைக்குப் பிறகு அண்ணன் வீட்டு வாசலை மிதிக்கவில்லை.

“அங்க துன்னுட்டு இங்க துன்னாம போனா இன்னா அர்த்தம்? எங்கூரு சோத்துல மண்ணா கீது?”

ஆக, இரண்டாவது பந்தி. கேழ்வரகுக் களி, கருவாட்டுக் குழம்பு, அதற்கு மேல் பலாச்சுளை, அதற்கு மேல் நெய். எனக்கு மட்டுமல்ல, என்னோடு வந்த ஐந்து பேருக்கும் இலை போட வேண்டியதாயிற்று. ஆனால் ஊர்க் கட்டுப்பாட்டின்படி அத்தையும் மருமகளும் பேசிக்கொள்ளக் கூடாது.

“மேடம், உங்க கூட வந்த பொண்ணுக்கு இன்னும் ஒரு உருண்ட வேணுமான்னு கேளுங்க.”

செல்லம்மாள் மூன்றடி தூரத்தில் உட்கார்ந்திருந்தாள். “போதும்னு சொல்லுங்க மேடம்.”

“போதுமாம்” என்றேன்.

“எளச்சிப் போயிருக்குதுன்னு சொல்லுங்க.”

“படிப்பு ஜாஸ்தின்னு சொல்லுங்க மேடம்.”

நான் இரண்டு பக்கமும் தலையைத் திருப்பிச் சொல்லிக்கொண்டே சாப்பிட்டேன். பொன்னம்மாள் என் பக்கம் குனிந்தார். “அண்ணன் வூட்ல இன்னா போட்டாங்க? நெய் ஊத்துனாங்களா?” இல்லை என்றேன். முகம் மலர்ந்தது. இன்னும் ஒரு கரண்டி நெய் விழுந்தது. பிறகு குரலைத் தாழ்த்தி, “அண்ணனுக்கு இருமல் எப்படிக் கீது?” என்றார். இருமிக்கொண்டுதான் இருந்தார் என்றேன். அவர் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார். திரும்பி வரக் கொஞ்ச நேரம் ஆனது.

இரண்டு மணிக்குப் பன்னிரண்டு பேரும் ஒரே அறையில் உட்கார்ந்தார்கள். கட்டைப் பிரித்துக் கொடுத்துவிட்டு மேற்பார்வைக்கு எழுந்தேன். உடம்பு எழ மறுத்தது. இரண்டு ஊர்க் கௌரவமும் என் வயிற்றில் இருந்தது. உட்கார்ந்தால் தூங்கிவிடுவேன் என்று சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். கீழ்மாவடிப் பையன் ஒருவனுக்குப் பேனா மை தீர்ந்தது, சுற்றிலும் பார்த்தான். செல்லம்மாள் தன் இரண்டாவது பேனாவை நிமிராமல் என்னிடம் நீட்டினாள். நான் வாங்கி அவனிடம் கொடுத்தேன். அந்த வேலைக்கு இப்போது நான் பழகிவிட்டிருந்தேன். ஐந்து மணிக்கு மணி அடித்தபோது கடைசி வரியை எழுதிக்கொண்டிருந்தது அவள்தான்.

ஜீப்பில் ஏறப் போனேன். ஐந்து பேரும் ஜீப்பைச் சுற்றி நின்றார்கள். “மேடம், நீங்க போய்ட்டா நாங்க யாரு கூட வந்தவங்க?” என்றாள் செல்லம்மாள். கடைசிப் பேருந்து ஆறரைக்கு என்று பாபு கத்தினார். அவரையும் பேருந்தையும் விட்டுவிட்டு மறுபடி மலை ஏறினேன். பொன்னம்மாள் பின்னாலேயே ஓடிவந்து ஒரு பாட்டில் தேனைக் கையில் திணித்தார். “உங்களுக்குத்தான். இருமலுக்கு நல்லது. வழியில யாருக்காவது இருமல் இருந்தா குடுங்க.” எனக்கு இருமல் இல்லை என்பது அவருக்கும் தெரியும்.

மேல்மாவடி ஊர்க்கவுண்டர் அந்தத் தேனை உள்ளங்கையில் ஊற்றி நக்கிப் பார்த்தார். எங்கே வாங்கினது என்று கேட்கவில்லை. “ஊருக்கு வர்றவங்க இத மாதிரி கொண்டாந்தா வாணாம்னு சொல்ல முடியுமா?” என்று சொல்லி உள்ளே எடுத்துப் போனார். அன்று ராத்திரி அங்கேயே தங்கினேன். சாப்பாடு போட்டார்களா என்று கேட்க வேண்டாம். நெய்யோடு போட்டார்கள்.

மறுநாள் மலை இறங்கும்போது எனக்கு நம் சமவெளி மேல் கோபமாக இருந்தது. அவர்களுக்குள் சண்டை தீரவில்லை, வழக்கும் அப்படியே இருக்கிறது. ஆனால் சண்டைக்கு நடுவே நடந்து போக ஒரு வழி வைத்திருக்கிறார்கள். நாம் வைக்கவில்லையே என்று கச்சிராயபாளையம் வரை உயர்வாகச் சிந்தித்தேன். வீட்டு வாசலில் ராஜேஸ்வரியின் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. சிந்தனையை நிறுத்திவிட்டுத் தாண்டிக் குதித்தேன்.

இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் நேற்று வந்த தேர்வு முடிவு. செல்லம்மாள் தேறிவிட்டாள். அதைச் சொல்ல மலையிலிருந்து ஒரு பலாப்பழத்தோடு என் வீட்டைத் தேடி வந்தாள். கதவைத் திறந்தேன். செல்லம்மாள் முகமெல்லாம் சிரிப்பாக நின்றாள். அவளுக்குப் பின்னால், பலாப்பழத்தை இடுப்பில் தாங்கிக்கொண்டு, ராஜேஸ்வரி.

“உங்க வூடு தெரியல மேடம். இவங்க வூட்லதான் கேட்டேன். உக்கார வெச்சி டிபன் குடுத்து, பழத்தையும் தூக்கிக்கினு வந்தாங்க” என்றாள் செல்லம்மாள். பிறகு என் முகத்தையும் ராஜேஸ்வரியின் முகத்தையும் பார்த்தாள். அவளுக்கு ஒரு நொடியில் எல்லாம் புரிந்துவிட்டது. “எங்கூட வந்தவங்க” என்றாள்.

ராஜேஸ்வரி கதவு நிலையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நான் பலாப்பழத்தைப் பார்த்தேன்.

“செல்லம்மா, உன் கூட வந்தவங்களுக்குக் காபிக்குச் சர்க்கரை எவ்வளவுன்னு கேளு” என்றேன்.