காலிக் கேமரா

தொண்ணூறுகளில் இசைக் கலைஞர்களைப் பற்றிய ஆவணப்படங்களுக்கு நான் ஒளிப்பதிவு செய்துகொண்டிருந்தேன். ஃபிலிம் காலம். ஒரு சுருள் பத்து நிமிஷத்தில் தீர்ந்துவிடும். எங்கள் தயாரிப்பாளரோ அதை ரேஷன் மண்ணெண்ணெய் மாதிரி அளந்துதான் கொடுப்பார். எந்த ஊருக்குப் போனாலும் ஆளாளுக்கு, "என்னையும் எடுங்க அண்ணாச்சி" என்று வந்து நிற்பார்கள். மறுக்க மனம் வராது. சுருள் மாட்டாமலே கேமராவை ஓடவிடுவோம். அது கர்ரென்று சத்தம் போடும், அவர்களும் சந்தோஷமாகப் போவார்கள். யாருக்கும் நஷ்டமில்லாத பொய் என்று நினைத்திருந்தேன். சொல்லப்போனால், அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

ஸ்ரீவைகுண்டம் பக்கம், ஆற்றங்கரை மருத மரத்தடியில் ஒரு வில்லுப்பாட்டுக் குழுவைப் படம் எடுத்தோம். இயக்குநருக்கு, வில்லடித்துக் கதை சொல்லும் தலைவர் மட்டும் போதும். குடம் அடிப்பவருக்குப் பிறவியிலேயே பார்வை கிடையாது. அவருடைய மனைவி பக்கத்தில் உட்கார்ந்து பின்பாட்டுப் பாடுவார். சாப்பாட்டு நேரத்தில் குடக்காரர் என் குரலை வைத்தே என்னைத் தேடி வந்தார்.

"தம்பி, எம் பொண்டாட்டி தனியா ஒரு பாட்டு படிப்பா. அத மொகம் தெரியுத மாதிரி எடுத்துருங்க. எனக்குத்தான் பாக்கக் குடுத்து வைக்கல. ஊரு பாக்கட்டுமே."

"அதுக்கென்ன அண்ணாச்சி, எடுத்துருவோம்" என்றேன்.

மிச்சமிருந்தது ஒரே சுருள். அதைத் தலைவரின் கடைசிக் கதைக்கென்று வைத்திருந்தோம். இயக்குநர் கண்ணைக் காட்டினார். நான் காலிக் கேமராவைத் தூக்கி அந்த அம்மாளின் முன்னால் வைத்தேன். அவர் முகத்தைத் துடைத்து, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பாடினார். அன்று முழுக்க நான் கேட்டதில் அதுதான் நல்ல பாட்டு. சுருளை மாட்டு, தலைவர் கிடக்கட்டும் என்று பாதியில் எனக்குக் கை பரபரத்தது. மாட்டவில்லை. இயக்குநரிடம் நல்ல பேர் வாங்குவது அப்போது எனக்குப் பெரிதாக இருந்தது.

ஒலிப்பதிவாளர் மட்டும் பாட்டை நாடாவில் பிடித்திருந்தார். அந்தக் குரலை விட மனசில்லாமல் இயக்குநர் அதைப் படத்தில் சேர்த்தார். கூடக் காட்ட முகம் இல்லையே. நான் எடுத்திருந்த ஆற்றுக் காட்சியை அதன்மேல் ஒட்டினார்.

பாளையங்கோட்டையில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் படம் போட்டோம். குழுவினர் எல்லாரும் வந்திருந்தார்கள். குடக்காரரும் மனைவியும் எனக்கு முன் வரிசை. அந்தப் பாட்டு ஆரம்பித்ததும் அவர் மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டார். திரையில் எருமைகள் குளித்துக்கொண்டிருந்தன. எனக்கு எழுந்து ஓடிவிடலாம் போல் இருந்தது.

"ஏட்டி, இப்பம் ஒன் மொகந்தான தெரியுது? எப்பிடி இருக்க?" என்று கேட்டார்.

அந்த அம்மாள் திரையைப் பார்த்தபடியே சொன்னார்: "நல்லாத்தான் இருக்கேன். மூக்குத்திகூடத் தெரியுது."

பாட்டு முடியும்வரை குடக்காரர் சிரித்துக்கொண்டே இருந்தார். அந்த அம்மாள் ஒரு தடவைகூட என் பக்கம் திரும்பவில்லை. திரும்பி நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை.