ரைபிள் விற்ற மாப்பிள்ளை

கவுண்டருக்குப் பின்னால் நின்று பிழைத்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை: எந்தக் கடையிலும் வாடிக்கையாளர் எதை வாங்குவது என்று முடிவெடுத்துவிட்டுத்தான் நம்மிடம் ஆலோசனை கேட்பார். நீங்கள் சப்பாத்து விற்றிருப்பீர்கள், சேலை விற்றிருப்பீர்கள். நான் தொண்ணூறுகளின் நடுவில், கனடாவின் ஸ்காபரோவில், தூரத்துக் குறியைச் சுடுகிறவர்களுக்கு ரைபிள் விற்றேன்.

அதே காலத்தில் அக்கா எனக்குக் கலியாணமும் பேசிக்கொண்டிருந்தாள். பெண் வோபர்னில், பெயர் பவானி, வங்கியில் வேலை. அவள் படத்தைப் பார்த்த நாளிலிருந்து எனக்கு வேறு இடம் வேண்டாம் என்றாகிவிட்டது. பெண் வீட்டாரிடம் அக்கா, "தம்பிக்கு ஸ்போர்ட்ஸ் கடையில் வேலை" என்று மட்டும் சொல்லி வைத்திருந்தாள். பொய் இல்லை. முழு உண்மையும் இல்லை.

பதவி உயர்வு

முதலில் நான் கீழ்த்தளத்தில் தூண்டில்தான் விற்றேன். மேலே ரைபிள் பகுதியில் ஆள் விலகியதும் முதலாளி ஸ்டான் என்னைக் கூப்பிட்டார். யாழ்ப்பாணத்தில் சண்டை என்று எங்கேயோ வாசித்திருக்கிறார். சண்டை நடந்த ஊர்க்காரனுக்கு ஆயுதம் அத்துப்படி என்று நினைத்துவிட்டார். வெள்ளத்தில் தப்பி வந்தவனை நீச்சல் வாத்தியார் ஆக்கிய கதைதான். சம்பளமும் கூடும் என்றதால் நான் வாய் திறக்கவில்லை.

பழக்குவதற்காக நகரத்துக்கு வெளியே சுடும் மைதானம் ஒன்றுக்குக் கூட்டிப்போனார். பக்கத்து மேசைக்காரர் முதல் வெடி வைத்ததும் நான் மேசைக்கு அடியில் குப்புறக் கிடந்தேன். ஊரில் பழகிய பழக்கம். ஸ்டான் குனிந்து பார்த்தார். அவருக்கு விளங்கியிருக்க வேண்டும், சிரிக்கவில்லை. மெல்ல முதுகில் தட்டிச் சொன்னார்:

"படுத்துக்கொண்டு சுடுவதைக் கடைசிப் பாடமாக வைத்திருந்தேன். நீ அதிலிருந்தே ஆரம்பித்துவிட்டாய்."

பறக்கும் கோது

வருகிற எல்லோருக்கும் செமி ஓட்டோமட்டிக்தான் வேண்டும். அதில் நியாயமும் உண்டு. ஒவ்வொரு குண்டுக்கும் கையால் இழுத்துத் தள்ள வேண்டியதில்லை, தோளில் விழுகிற அடியும் குறைவு. ஆனால் சுட்டு முடிந்த குண்டின் வெறுங்கோதை அது தானாகவே வெளியே எறியும், அதுவும் கொதிக்கக் கொதிக்க. தூரத்துக் குறிக்கு, அதுவும் புதிதாகப் பழகுகிறவருக்கு, கையால் இழுக்கிறதே போதும் என்று சொல்லிச் சொல்லி என் தொண்டை வற்றியது.

ஓய்வுபெற்ற பல் வைத்தியர் ஒருவர் கேட்கவே இல்லை. அவருடைய மைதானம் இருநூறு மீற்றரில் முடிந்துவிடுகிறது. அவருக்கோ ஆயிரம் மீற்றருக்குச் சுடுகிற செமி ஓட்டோமட்டிக் வேண்டும், சந்திரனைப் பார்க்கக்கூடிய தொலைநோக்கியோடு. வாங்கிப் போனவர் அடுத்த மாதமே மாற்றித் தரச் சொல்லி வந்து நின்றார். "ஏன் ஐயா, குறி தவறுகிறதா?" என்று கேட்டேன்.

"குறி அட்டையில் ஒன்றும் பட்டதாகத் தெரியவில்லை. வலப்பக்கத்து நண்பரின் சட்டைக் கொலருக்குள் மட்டும் ஒன்றுகூடத் தவறவில்லை."

தூரம்

பிக்கரிங்கிலிருந்து ஒரு தம்பதி வந்தார்கள். கணவர் தொலைநோக்கிகளுக்குள் கண்ணைப் புதைத்திருந்த நேரம், மனைவி என்னிடம் மெதுவாக வந்து, இவர் 'லோங் ரேஞ்ச்' என்று சொல்கிறாரே, அந்த மைதானம் வீட்டிலிருந்து எவ்வளவு தூரம் என்று கேட்டார். பயப்படுகிறார் என்று நினைத்து, காரில் இரண்டு மணித்தியாலம்தான், மாலைக்குள் வந்துவிடுவார் என்று ஆறுதல் சொன்னேன். மனைவியின் முகம் வாடியது.

"அதைவிடத் தூரத்தில் ஒன்றுமே இல்லையா?"

மோர்னிங்சைட் அண்ணை

மோர்னிங்சைட்டில் இருக்கும் நம்மூர் அண்ணை ஒருவர் தூண்டில் வாங்க வந்து, வழி தவறி மேலே ஏறிவிட்டார். சனிக்கிழமை, நல்ல கூட்டம். ஒருவர் ரைபிளைத் தோளில் வைத்துப் பார்க்கிறார், இன்னொருவர் விலை பேசுகிறார். அண்ணை வாயைப் பிளந்தபடி நின்று பார்த்துவிட்டு என் காதுக்குள் சொன்னார்:

"அங்கை இயக்கப் பெடியள் சும்மா தாறம், பிடி எண்டவங்கள், நாங்கள் மதில் பாய்ஞ்சு ஓடினனாங்கள். இஞ்சை உவங்கள் லைனிலை நிண்டு காசு குடுத்தெல்லோ வாங்கிறாங்கள்!"

ஒரு தொலைபேசி அழைப்பு

அண்ணை வாங்கிப் போனது ஒரு தூண்டில்; கொண்டுபோனது ஒரு செய்தி. அது வோபர்னுக்குப் போய்ச் சேர அதிக நேரம் எடுக்கவில்லை. பவானியின் தகப்பன் என்னை அழைத்தார். "தம்பி, கடையிலை நீர் என்ன விக்கிறனீர்?" பந்து, தூண்டில் என்று ஆரம்பித்தேன். "பிறகு?" என்றார். கூடாரம் என்றேன். "பிறகு?" இனி ஒளிக்க ஒன்றும் இருக்கவில்லை. "துவக்கும் அங்கிள்" என்றேன். ரைபிள் என்று சொல்லியிருக்கலாம். பதற்றத்தில் துப்பாக்கிக்கு நம்மூர்ச் சொல்தான் வந்தது. அவர் குரலைத் தாழ்த்தினார். அவர் கோபப்பட்டிருந்தால்கூட எனக்கு அவ்வளவு கவலை வந்திருக்காது.

"தம்பி, துவக்கு வேண்டாமெண்டுதான் பிள்ளையைக் கொண்டு இவ்வளவு தூரம் வந்தனான். குறை நினையாதையும்."

கடைசி வாடிக்கையாளர்

அடுத்த சனிக்கிழமை ஒரு பெண் தனியாக ஏறி வந்தாள். படத்தில் பார்த்த அதே முகம். அவள் தன்னை யார் என்று சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. "தூரத்துக்குச் சுட எந்தத் துவக்கு நல்லது, அண்ணை?" என்றாள். அந்த 'அண்ணை' எந்தக் குண்டையும்விட நன்றாகவே பாய்ந்தது.

என்ன செய்வது, வாய் வழக்கமான பாடத்தைச் சொன்னது. "இப்ப ஒண்டும் வாங்காதையுங்கோ. முதல் ஒரு கிளப்பிலை பழகிப் பாருங்கோ. செமி ஓட்டோமட்டிக் கெதியாய்ச் சுடும், குறி பாக்கிறது நீங்கள்தான்." நான் சுடுவேனா என்று கேட்டாள். "ஐயோ, எனக்குச் சத்தமே பயம்" என்றேன். அவள் சிரிப்பை அடக்கப் பார்த்தாள், முடியவில்லை.

"துவக்குக் கடையிலை நிண்டுகொண்டு துவக்கு வாங்காதையுங்கோ எண்டு சொல்லுற ஆளை இண்டைக்குத்தான் பாக்கிறன். அப்பாட்டைப் போய்ச் சொல்லுறன், ஆள் சரியான பயந்தாங்கொள்ளி, பயப்பிடாமல் கலியாணத்தைத் துவக்குங்கோ எண்டு."

கனடாவில் பிடிக்காத எதையும் ரசீதோடு கொண்டுபோய்த் திருப்பிக் கொடுக்கலாம் என்றும், ரசீது எழுதி வாங்காததால்தான் என்னை இன்னும் வைத்திருப்பதாகவும் பவானி சொல்கிறாள்.