கால்மாட்டில் பதினோரு வாரம்

தண்ணீர்மலை ரோட்டில் இருபது வருடத்துக்கு மேல் வண்டி ஓட்டியிருக்கிறேன். முதலில் லோரி, பிறகு வேன். எந்த நேரத்திலும் போயிருக்கிறேன், ஒரு பேயும் கை காட்டி நிறுத்தியதில்லை. பினாங்கில் மரத்துக்கு ஒரு கதை சொல்வார்கள். கேட்டுக்கொண்டே ஒரு கிளாஸ் தே குடித்துவிட்டு எழுந்து போகிற ஆள் நான். படிப்பு ஆறாவதோடு சரி. குடி கிடையாது. இதை ஏன் சொல்கிறேன் என்றால் கேட்கிறவர்கள் முதலில் அதைத்தான் கேட்கிறார்கள்.

பினாங்குப் பாலம் திறந்து ஓரிரண்டு வருடம் ஆகியிருக்கும். நான் ஒரு சீன முதலாளியிடம், தவுக்கே என்போம், வேன் ஓட்டினேன். முதலாளியம்மாவுக்குப் புத்த மதத்தில் பற்று அதிகம். அந்த அம்மா ஏற்பாடு செய்து இந்தியாவிலிருந்து திபெத்துக்காரர்கள் பத்துப் பேர் வந்தார்கள். ஒன்பது பேர் சாமியார்கள், ஒருவர் சமையல்காரர். சொந்த நாட்டை விட்டு மலை தாண்டி ஓடி வந்து, கர்நாடகாவில் காட்டை வெட்டிக் குடியிருக்கிற அகதிகள். பர்மா ரோட்டுப் பக்கம் தவுக்கேயின் பழைய பங்களா சும்மா கிடந்தது. அங்கே ஒரு மாதம் தங்க வைத்தார்கள்.

வாசலைத் தாண்டினால் வேறு ஊர். மாடியில் கயிறு கட்டிக் கலர் துணிகளைத் தொங்கவிட்டிருப்பார்கள். வீடு முழுக்க வெண்ணெய் வாடை. தேயில் உப்பும் வெண்ணெயும் போட்டுக் கடைந்து குடிப்பார்கள், வறுத்த மாவை அதில் பிசைந்து உருண்டை பிடித்துத் தின்பார்கள். பூசையில் உட்கார்ந்தால் எல்லாரும் அடித்தொண்டையில் ஓதுவார்கள், பாரம் ஏற்றின லோரி இரண்டாவது கியரில் மேடு ஏறுகிற சத்தம் அது. ஜனங்கள் பார்க்க வருவார்கள், பின்னால் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொள்வார்கள். என்னையும் உட்காரச் சொல்லி முதலாளியம்மா மலாயில் சொன்னார், உனக்கும் நல்லது மணியம் என்று. உட்கார்ந்தேன். உட்கார இடம் கிடைத்தால் போதும் என்கிற நிலையில் இருந்தேன் அப்போது.

வீட்டில் அக்கா படுத்திருந்தாள்.

பத்து காவான் எஸ்டேட்டில் எங்கள் அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போனபோது எனக்கு ஏழு வயது, அக்காவுக்குப் பதினைந்து. அவள்தான் வளர்த்தாள். கலியாணம் பண்ணிக்கொள்ளவில்லை. நானும் பண்ணிக்கொள்ளவில்லை. ரைஃபிள் ரேஞ்ச் ஃப்ளாட்டில் எட்டாவது மாடியில் இரண்டு பேரும் இருந்தோம். வயிற்றில் கட்டி என்றார்கள், வெட்டிப் பார்த்துவிட்டு மூடிவிட்டார்கள், வீட்டுக்குக் கொண்டு போங்கள் என்றார்கள். ஒரு வாரம் தாங்கும் என்று சொன்ன உடம்பு பதினோரு வாரம் கிடந்தது. கண் திறக்கவில்லை. சாப்பாடு இல்லை. ஒரு கரண்டி தண்ணீர், அதுவும் பாதி வழிந்துவிடும். முனகல் மட்டும் நிற்காது. அந்த முனகலைக் கேட்டுக்கொண்டு சாப்பிட முடியாது, தூங்க முடியாது.

நம் ஆட்கள் செய்கிற எல்லாவற்றையும் செய்தேன். பால் ஊற்றினோம், கங்கைத் தண்ணீர் ஊற்றினோம். பத்து காவான் போய் மண் எடுத்து வந்து கரைத்து நாக்கில் விட்டோம். பகலில் அவளைப் பார்த்துக்கொண்டது பக்கத்து வீட்டுப் பத்மா அக்கா. மனசில் எதுவோ குறை கிடக்கிறது, கேட்டுப் பார் என்றார். காதில் குனிந்து கேட்டேன். அவள் என்ன சொல்லுவாள்.

நான் வீட்டில் இருக்கிற நேரம் முழுக்க கால்மாட்டில் உட்கார்ந்திருப்பேன். கால் சில்லிட்டால் முடிந்தது என்று சொல்வார்கள் அல்லவா, அதனால் அவள் பாதம் சில்லிட விடவில்லை. தைலம் போட்டுத் தேய்ப்பேன், இரண்டு உள்ளங்கையிலும் பொத்திப் பிடித்துக்கொள்வேன். உட்கார்ந்தபடியே தூங்கிப்போவேன், கை மட்டும் விடாது. அவள் போய்ச் சேர்ந்தால் நல்லது என்று தினமும் நினைப்பேன். பாதம் கொஞ்சம் குளிர்ந்தால் பயந்து தேய்ப்பேன். இரண்டையும் ஒரே ஆள்தான் செய்தேன்.

சமையல்காரரின் பெயர் நோர்பு. என்னைவிட ஏழெட்டு வயது கூட இருக்கும். அவருக்குத் தமிழ் தெரியும் என்பது மூன்றாம் நாள்தான் தெரிந்தது. மார்க்கெட்டில் வெண்ணெய் விலை கேட்டு என்னிடம் திரும்பி, இது ரொம்ப ஜாஸ்தி தம்பி, அடுத்த கடை பார்க்கலாம் என்றார். நான் கூடையைக் கீழே வைத்துவிட்டேன். குளிர்காலம் வந்தால் இவர்கள் ஆட்கள் தமிழ்நாட்டுப் பக்கம் வந்து பிளாட்பாரத்தில் ஸ்வெட்டர் விற்பார்களாம். சேலத்தில் இருபது வருடம் விற்றிருக்கிறார். அவர் பேசினது வியாபாரத் தமிழ். கடவுளைப் பற்றிப் பேசினாலும் கம்பளியைக் கையில் வைத்துக்கொண்டு பேசுகிற மாதிரி இருக்கும்.

நான் சாப்பிடாமல் எழுந்து போவதை அவர் கவனித்தார். ஒரு நாள் கேட்டார்.

"சாப்பாடு வேணாம்னா வேணாம். உடம்பு சரியில்லையா, வீடு சரியில்லையா?"

சொன்னேன். அன்று மத்தியானமே வேனில் ஏறி உட்கார்ந்துகொண்டார், பார்க்க வேண்டும் என்று. லிஃப்ட் கெட்டுப் போயிருந்தது. எட்டு மாடி ஏறினோம். அவருக்கு இரண்டு காலிலும் சேர்த்து நாலு விரல் கிடையாது, பனியில் போய்விட்டது, மெதுவாக ஏறினார். வீட்டில் பத்மா அக்கா இருந்தார். நான் வழக்கம்போலக் கால்மாட்டில் உட்கார்ந்து பாதத்தைப் பிடித்தேன். நோர்பு கதவுப் பக்கமே நின்று கொஞ்ச நேரம் பார்த்தார்.

"தம்பி, கை எடு."

எனக்குப் புரியவில்லை.

"போற ஆளு கால்ல கை வெக்கக் கூடாது. நீ கீழ புடிச்சா அவங்க கீழ வருவாங்க. வழி மேல இருக்கு" என்று தன் உச்சந்தலையைத் தட்டிக் காட்டினார். அவர்கள் ஊரில் சாகிறவர் காலைப் பிள்ளைகூடத் தொடமாட்டார்களாம். தலைப் பக்கம் போய், போ என்று சொல்வார்களாம்.

எனக்குக் கோபம் வந்தது. நம் வழக்கத்தில் காலைத்தான் தொடுவோம், நீங்கள் யார் சொல்ல என்று கேட்டுவிட்டேன். அவர் கோபப்படவில்லை.

"நீ கடை தொறந்து வெச்சிருக்க. சரக்க மட்டும் ரெண்டு கையாலயும் புடிச்சிட்டு இருக்க."

பத்மா அக்கா சிரித்துவிட்டார், அந்த நேரத்திலும்.

பிறகு நோர்பு தரையில் உட்கார்ந்து தன் சங்கதியைச் சொன்னார். மலை தாண்டும்போது அவர் மனைவி பனியில் விழுந்துவிட்டாள். அவள் பாதம் இரண்டையும் தன் சட்டைக்குள் வயிற்றோடு வைத்துக்கொண்டு மூன்று நாள் ஒரு பாறை இடுக்கில் உட்கார்ந்திருக்கிறார். அவள் போகவும் இல்லை, எழுந்திருக்கவும் இல்லை. கூட வந்த ஒரு சாமியார் கையை எடு என்று சொன்னார், எடுத்தேன் என்றார்.

எழுந்து போய் அக்காவின் தலைமாட்டில் குனிந்தேன். வாய் வரவில்லை. நாம் செத்த வீட்டில் தவிர யாரிடமும் போ என்று சொல்கிறவர்கள் இல்லையே. கடைசியில் போயிட்டு வாக்கா என்றேன். பிளாட்பாரத்தில் தமிழ் கற்ற மனிதர், அவருக்கு அது புரிந்துவிட்டது.

"வரச் சொல்லாத தம்பி" என்றார்.

அன்று ராத்திரியும் கால்மாட்டில்தான் உட்கார்ந்தேன். மறுநாளும்.

அதற்கு அடுத்த நாள், பட்டப்பகல், மூன்று மணிக்கு மேல். இங்கேதான் நீங்கள் நம்பமாட்டீர்கள். பங்களாவில் பூசை நடந்தது. நாற்பது ஐம்பது பேர் இருந்தார்கள். நான் கடைசியில், சமையலறைக் கதவுக்குப் பக்கத்தில் சுவரில் சாய்ந்து சம்மணம் போட்டிருந்தேன். கை இரண்டும் மடியில் மல்லாந்து கிடந்தன. தூங்கவில்லை. முன்னால் உட்கார்ந்திருந்த சீனக் கிழவரின் சட்டைக் காலரில் ஒரு எறும்பு போய்க்கொண்டிருந்தது, அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது என் இரண்டு கையிலும் பாரம் இறங்கியது.

அக்காவின் பாதம். கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை, என் மடிதான் தெரிகிறது, ஆனால் பாதம் கையில் இருக்கிறது. பதினோரு வாரம் பிடித்தவனுக்குத் தெரியாதா. இடது குதிகாலில் வெடிப்பு, வலது சுண்டு விரலில் நகம் கிடையாது. தைலத்தின் வழுவழுப்பு கூட இருந்தது. சில்லென்று இருந்தது. நான் தேய்க்கப் பார்த்தேன், விரல் தானாக மூடிக்கொண்டது.

ஓதுகிற இடையில் தே ஊற்றுவது அவர்கள் வழக்கம். நோர்பு பெரிய கெட்டிலைத் தூக்கிக்கொண்டு வரிசையாக ஊற்றிக்கொண்டு வந்தார். என்னிடம் வந்தவர் ஊற்றவில்லை. என் முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"விட்டுரு தம்பி" என்றார், மெதுவாக, பக்கத்தில் இருக்கிறவருக்குக் கேட்காத மாதிரி.

விட்டேன். பாரம் போய்விட்டது. கடிகாரத்தைப் பார்த்தேன், மூன்று இருபது.

யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் வேனை எடுத்தேன். எட்டு மாடி எப்படி ஏறினேன் என்று தெரியாது. பத்மா அக்கா வாசலில் நின்றிருந்தார். முனகல் சத்தம் இல்லை, அதிலேயே தெரிந்துவிட்டது. ரேடியோவில் மூன்று மணிச் செய்தி முடிந்து நாலைந்து பாட்டுப் போயிருக்கும் என்றார். மாதக்கணக்காக அசையாத கால், திடீரென்று நீண்டதாம்.

"பாய் ஓரம் வரைக்கும் காலை நீட்டி இப்படி இப்படித் தடவினாங்க. எதையோ தேடின மாதிரி. அவ்வளவுதான் மணியம்."

பங்களாவுக்கு இரண்டு நாள் கழித்துத்தான் போனேன். போயிட்டாங்களா என்று கேட்டார் நோர்பு. போயிட்டாங்க என்றேன். நல்லது என்றார். என் கையில் என்ன பார்த்தீர்கள் என்று கேட்க நினைத்தேன், வேலைக்காரர்கள் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்கள், கேட்கவில்லை. அடுத்த வாரம் அவர்களை விமான நிலையத்தில் இறக்கிவிட்டேன். அதோடு சரி.

கேட்கிறவர்களிடம் இந்த இடம் வரைக்கும்தான் சொல்வேன். அவர்களும், நல்ல சாவு, நல்ல தம்பி என்று சொல்லிவிட்டுப் போவார்கள். தூங்கிப்போயிருப்பாய் மணியம் என்பவர்களும் உண்டு. இருக்கட்டும். ஆனால் அந்தப் பங்களாவில் நான் கையை விரித்ததும் பாரம் உடனே போகவில்லை. அதை இத்தனை வருடத்தில் யாரிடமும் சொன்னதில்லை. நான் விட்டுவிட்டேன். அவள் விடவில்லை. வலது கால் விரல்கள் மடங்கி என் கட்டைவிரலைச் சுற்றிக்கொண்டன. குழந்தை பிடிக்கிற மாதிரி, அவ்வளவு பலமாக. பதினோரு வாரம் ஒரு கரண்டித் தண்ணீரில் கிடந்த உடம்பு. நான் கையை உதறினேன். ஒரு தடவை உதறிப் போகவில்லை, மறுபடி உதறினேன். அப்புறம்தான் போனது.

அன்று சாயந்திரம் குளிப்பாட்டிய பிறகு கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டுவதற்கு ஆள் வந்தார். இடது கால் சரியாக இருந்தது. வலது காலில் விரல்கள் எல்லாம் உள்ளே மடங்கியிருந்தன. அவர் நீவிப் பார்த்தார், வெந்நீர்த் துணி வைத்துப் பார்த்தார், நிமிரவில்லை. முப்பது வருடமாக இந்த வேலை செய்கிறேன், இப்படிப் பார்த்ததில்லை என்றார்.

"என்னத்தைப் புடிச்சிருக்காங்க அண்ணே?"

அந்த மடிப்புக்குள் ஒரு கட்டைவிரல் நுழைகிற அளவுக்கு இடம் இருந்தது. நான் கையைப் பின்னால் வைத்துக்கொண்டு நின்றேன். அப்படியே கட்டிவிடச் சொன்னேன்.