எதிரிக்கூண்டைக் காட்டிய கை

முப்பது வருடம் நீதிமன்றத்தில் சிங்களத்தைத் தமிழாக்கியும் தமிழைச் சிங்களமாக்கியும் சம்பளம் வாங்கியவன் நான். என் மொழிபெயர்ப்பில் பிழை பிடித்த சட்டத்தரணி இல்லை என்று வீட்டில் பெருமையடிப்பேன். கேட்டுக் கேட்டு மனைவிக்குக் காது புளித்துவிட்டது. நான் செய்த பெரிய பிழைக்கு மொழியே தேவைப்படவில்லை.

கொட்டாஞ்சேனையில் ஒரு கத்திக்குத்துக் கொலை. பார்த்தது எதிர்மாடியில் தையல் வேலை செய்த ஒரு தமிழ்ப் பெண் மட்டும்தான். கத்தி அகப்படவில்லை. முன்பு நடந்த அடையாள அணிவகுப்பையும் ஏதோ குறை சொல்லித் தள்ளிவிட்டார்கள். அவள் மன்றில் ஆளைக் காட்டினால் குற்றஞ்சாட்டப்பட்டவனுக்கு மரண தண்டனை, காட்டாவிட்டால் அவன் வீட்டுக்குப் போகலாம். வழக்கு விசாரணைக்கு வரவே ஆறு வருடம் ஆகியிருந்தது.

அன்று கண்ட ஆள் இங்கே இருக்கிறாரா என்று அரச சட்டத்தரணி சிங்களத்தில் கேட்டார். நான் தமிழில் கேட்டேன். அவள் வாசலைப் பார்த்தாள், சட்டத்தரணிகளைப் பார்த்தாள், பொலிஸ்காரரைப் பார்த்தாள். மறுபடி வாசலைப் பார்த்தாள். எனக்கோ பசி, எரிச்சல்.

"ஆள் இஞ்ச நிக்கிறாரோ எண்டுதான் கேக்கினம், தங்கச்சி. வடிவாப் பாத்துச் சொல்லுங்கோ," என்றேன். சொல்லும்போதே என் கை குற்றஞ்சாட்டப்பட்டவன் நின்ற எதிரிக்கூண்டுப் பக்கம் நீண்டுவிட்டது.

"ஓம், அவர்தான்," என்றாள்.

நீதிபதி குனிந்து எழுதிக்கொண்டிருந்தார். அவனுடைய சட்டத்தரணி கோப்பைப் புரட்டிக்கொண்டிருந்தார். சாட்சி ஆளை அடையாளம் காட்டினார் என்று பதிவாயிற்று. கை காட்டியது நான்தான் என்று அப்போதே சொல்லியிருக்கலாம். வேலை போய்விடும் என்று பயம், அதைவிட வெட்கம். அவன்தானே செய்திருப்பான் என்று மனதைத் தேற்றிக்கொண்டு சாப்பிடப் போனேன். சோறு தாராளமாகவே இறங்கியது.

அவனுக்கு மரண தண்டனை விதித்தார்கள். மேன்முறையீட்டில் சாட்சியை யாரும் மறுபடி பார்ப்பதில்லை, பதிவைத்தான் பார்ப்பார்கள். நம்பத்தக்க சாட்சி ஒருவரே போதும், இவர் தயங்காமல் காட்டியிருக்கிறார் என்று தண்டனையை உறுதிசெய்தார்கள். அவள் தயங்கியதை யார் டைப் அடித்தார்கள்? நான் வாயை மூடிக்கொண்டு ஓய்வு பெற்றேன். இந்த நாட்டில் இப்போது யாரையும் தூக்கில் போடுவதில்லை என்பதுதான் எனக்கிருந்த ஆறுதல். அவன் இன்னும் உள்ளேதான் இருக்கிறான்.

போன வருடம் வெள்ளவத்தைச் சந்தையில் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தேன்.

"ஐயா, என்னைத் தெரியுதோ?"

அந்தப் பெண்தான். தலை நரைத்திருந்தது. சுகம் விசாரித்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"எனக்கு அண்டைக்கு ஆள் ஆரெண்டு மட்டுக்கட்ட ஏலாமல் போச்சுது. நீங்கள் கையைக் காட்டினபடியாத்தான் சொன்னனான். கோர்ட்டில இருக்கிற ஆக்களுக்குத் தெரியும்தானே எண்டு நினைச்சன்." பிறகு என் முகத்தையே பார்த்துக் கேட்டாள். "அவர்தானே, ஐயா?"

தெரியாது என்று சொன்னால் அவள் நாளைக்கே யாரிடமாவது போய் உண்மையைச் சொல்லக்கூடும். அவன் வெளியே வரவும் கூடும். என் பெயரும் வரும். கொலை நடந்த அந்தத் தெருப்பக்கம்கூட நான் போனதில்லை.

"ஓம் தங்கச்சி, அவர்தான்," என்றேன்.