மூன்றாம் பீட்டரும் எங்கள் முதலாளியும்

கோழிக்காலைக் கடித்துக்கொண்டே எங்கள் முதலாளி ஒரு சாம்ராஜ்யத்தைக் கவிழ்த்துவிடுவார். துபாயில் தேரா பக்கத்துக் கடைகளை மதியம் சாத்தினால் நாலு மணிக்குத்தான் திறப்பார்கள். மற்ற கடை ஆட்கள் அறைக்குப் போய்க் கட்டையைச் சாய்ப்பார்கள். நாங்கள் மட்டும் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, தரையில் பேப்பர் விரித்துச் சாப்பிட்டபடி, ரஷ்யாவின் ஜார் மன்னர்கள் ஒருவரையொருவர் எப்படித் தீர்த்துக்கட்டினார்கள் என்று கேட்டுக்கொண்டிருப்போம். பெற்ற மகனையே சிறையில் போட்டு வதைத்துச் சாகவிட்ட பெரிய பீட்டர், தொட்டிலில் கிடந்த குழந்தை ராஜாவை இறக்கிவிட்டுத் தான் ஏறி உட்கார்ந்த எலிசபெத் ராணி, படுக்கை அறையிலேயே சொந்த அதிகாரிகளின் கையால் செத்த பால் மன்னன் என்று தினம் ஒருவர் கதை நடக்கும். நாங்கள் சோற்றைப் பிசைந்தபடியே இருப்போம். எங்கள் முகத்தைப் பார்த்து முதலாளி ரசிப்பார். "என்னடே, பயந்துட்டியளா? இந்தக் கடைக்கு நான்தாம்டே ஜார்" என்பார். சிரித்துக்கொண்டுதான் சொல்வார். எங்கள் பாஸ்போர்ட்டெல்லாம் அவர் மேசை டிராயரில் பூட்டிக் கிடந்ததால் எங்களுக்குச் சிரிப்பு வராது.

அவர் தூத்துக்குடிக்காரர். ரஷ்யாவுக்கு இன்ஜினியரிங் படிக்கப் போனவர், படிப்போடு ஒரு மனைவியையும் கொண்டுவந்தார். ரஷ்யர்கள் கூட்டம் கூட்டமாகத் துபாய்க்குச் சாமான் வாங்க வரத் தொடங்கியபோது இருவரும் சேர்ந்து ஃபர் கோட்டுக் கடை வைத்தார்கள். வெளியே தார் உருகும் வெயில் அடிக்கும். உள்ளே, மென்மயிர்த் தோல் கெட்டுப்போகாமல் இருக்க ஒரு குளிர் அறை இருந்தது. அந்த அறையின் சாவி என் பொறுப்பு. கோவில்பட்டிக் கரிசலில் வளர்ந்த நான் வாழ்க்கையின் முதல் ஸ்வெட்டரைப் பாலைவனத்தில்தான் போட்டேன். ரஷ்ய மொழியில் விலை சொல்லவும், "இது உங்களுக்கென்றே தைத்தது" என்று கூசாமல் பொய் சொல்லவும் மேடம்தான் கற்றுக்கொடுத்தார். மேடம் என்றால் முதலாளியின் மனைவி. மாமியாரிடம் தமிழ் கற்றதால் அந்த வெள்ளைக்காரியின் வாயில் அச்சு அசலான தூத்துக்குடித் தமிழ் வரும். குரலை உயர்த்திப் பேசி நான் கேட்டதில்லை.

முதலாளிக்கு மிகவும் பிடித்தது மூன்றாம் பீட்டரின் கதை. ஆறே மாதம் ஆண்ட அசடு அவன். ஒரு விருந்தில், ஊரே பார்க்க, மேசையின் மறு கோடியில் இருந்த பெண்டாட்டி கேத்தரினைப் பார்த்து "முட்டாளே" என்று கத்தினான். அவளைத் தள்ளிவைத்துவிட்டு ஆசைநாயகியைக் கட்டிக்கொள்ளப் போகிறான் என்று பேச்சு அடிபட்டது. அவன் தலைநகரில் இல்லாத நாள் பார்த்து அவள் நேரே படைவீட்டுக்குப் போனாள். சிப்பாய்கள் அவளுக்கு விசுவாசச் சத்தியம் செய்தார்கள். சேதி தெரிந்து அவன் கப்பலேறி ஒரு தீவுக் கோட்டைக்கு ஓடினான். யாரது என்று கேட்டான் காவல்காரன். சக்கரவர்த்தி என்றான் இவன். "சக்கரவர்த்தியெல்லாம் இப்போது கிடையாது, ராணிதான். கப்பலைத் திருப்பு." இந்த இடத்தில் முதலாளி தானே காவல்காரனாக எழுந்து நின்று எச்சில் கையை ஆட்டிக் காட்டுவார். பிறகு விழுந்து விழுந்து சிரிப்பார். கதை அதோடு முடிந்துவிடும். அதற்கப்புறம் பீட்டர் என்ன ஆனான் என்று அவர் சொன்னதே இல்லை. மேடம் மீனில் முள்ளை ஒதுக்கிச் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.

ஒருநாள் அப்படிச் சாப்பிடும்போதுதான் முதலாளி தன் தம்பியை ஊரிலிருந்து வரவழைத்துக் கல்லாவில் உட்காரவைக்கப் போவதாகச் சொன்னார். மேடம் இனித் தூத்துக்குடி வீட்டில் போய் ஓய்வெடுக்கலாமாம். மேடம் ரஷ்ய மொழியில் மெதுவாக ஏதோ கேட்டார். முதலாளி முகம் சிவந்து "தூரா!" என்று கத்தினார். முட்டாள் என்று அர்த்தம். பீட்டர் கத்தியதாக அவரே எத்தனையோ முறை நடித்துக்காட்டிய அதே சொல். நாங்கள் தலையைத் தூக்கவில்லை. கதை சொன்னவருக்கு மட்டும் தன் சொல்லே காதில் விழவில்லை. எனக்குப் பயமாக இருந்தது.

நான் பயந்ததற்குக் காரணம் இருந்தது. என் மனைவி என் விசாவில் வந்து ஷார்ஜாவின் ரோலா பகுதியில், பலகை அடித்துப் பிரித்த ஓர் அறையில் என்னோடு இருந்தாள். பிள்ளைத்தாய்ச்சி. முதல் இரண்டு கர்ப்பம் தங்காமல் போய், மூன்றாவது நின்றிருந்தது. இனிமேல் விமானத்தில் ஏறவே கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். என் விசா போனால் அவள் விசாவும் போகும். யானைகள் சண்டையில் புல்லுக்கு என்ன ஆகும் என்று யாரும் எனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

வளைகுடாவில் கடை வைத்த நம்மவர்கள் எளிதில் மறந்துபோகும் விஷயம் ஒன்று உண்டு. கடை அவர்களுடையது, லைசென்ஸ் உள்ளூர் அரபியுடையது. கஃபீல் என்பார்கள். அவர் சார்பில் குடியேற்ற அலுவலகத்துக்குப் போய் எல்லோருடைய விசாவையும் அடிக்கவும் அழிக்கவும் செய்கிற ஆள் மந்தூப். நோன்பு மாதம் வந்தால் மேடம் தன் கையால் கேக்கும் பன்னும் சுட்டுத் தட்டு நிறைய அடுக்கி, கஃபீலின் தாயாருக்கு ஒன்று, மந்தூப் வீட்டுக்கு ஒன்று என்று நேரில் கொண்டுபோவார். நோன்பு திறக்கும்வரை அந்தப் பெண்களோடு தரையில் உட்கார்ந்திருப்பார். ஆண்டு தவறாமல் இது நடந்தது. "கையெழுத்துப் போடுதவனுக்கு எதுக்குப் பலகாரம்?" என்று முதலாளி கேலி செய்வார். ஜார் அரண்மனையின் ஒவ்வொரு சிப்பாயையும் அறிந்த மனிதர், தன் கடையின் சிப்பாய் யார் என்று பார்க்கத் தவறினார்.

முதலாளி சரக்கு எடுக்கக் கிரேக்க நாட்டுக்குப் போனார். அவர் திரும்பவேண்டிய நாளன்று, கடை சாத்தியிருந்த மதிய நேரத்தில் மேடம் மந்தூப்போடு உள்ளே வந்தார். மந்தூப் நேரே போய் மேடம் கொடுத்த சாவியால் டிராயரைத் திறந்து எங்கள் பாஸ்போர்ட்டுகளை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டார். மேடம் எங்களை வரிசையாக நிற்கவைத்தார். "கஃபீல் கடைய எம்பொறுப்புல விட்டுட்டாரு. யார் யாரு நிக்கிய, யார் யாரு போறிய?" அவ்வளவுதான் பேச்சு. அந்த நேரம் பார்த்து என் பையில் மொபைல் அடித்தது. முதலாளி எண். காதில் வைக்காமலே குளிர் அறைக்குள் நுழைந்து கதவைச் சாத்தினேன்.

"ஏல, ஏர்போர்ட்ல நிக்கேன். உள்ள விட மாட்டேங்கான். விசா கேன்சலாம். எனக்கு விசா இல்லியாம்டே!" அவர் குரல் உடைந்து நான் கேட்டது அன்றுதான். "குளிர் ரூமப் பூட்டிட்டுச் சாவிய எடுத்துக்கிட்டு வெளிய போயிரு. சரக்கு இல்லாம அவ என்ன செய்வா? கஃபீல் எங்கிட்டத்தான் வந்தாவணும்." கோட்டுகளுக்கு நடுவில் எனக்குப் பற்கள் தந்தியடித்தன. "மொதலாளி, எம் பொஞ்சாதிக்கு எட்டு மாசம்" என்று மட்டும் வந்தது. அந்தப் பக்கம் ஏர்போர்ட் அறிவிப்பு ஓடியது. அவர் பதில் சொல்லுமுன் இணைப்பு அறுந்தது.

கதவைத் திறந்தேன். மேடம் கையை நீட்டியபடி நின்றிருந்தார். சாவியைக் கொடுத்தேன். இன்று அதே இடத்தில் நிறுத்திக் கேட்டாலும் கொடுப்பேன். ஆனால் பயம் மட்டும் தீரவில்லை. முதலாளி பக்கம் பேசிய இருவரை அந்த வாரமே ஊருக்கு ஏற்றிவிட்டார்கள். மந்தூப் கடைக்குள் காலெடுத்து வைத்தால் நான் குளிர் அறைக்குள் போய் நின்றுகொள்வேன். உள்ளே நான் யாரிடம் பேசினேன் என்று மேடம் அப்போது கேட்கவே இல்லை. கேட்டிருந்தால்கூடத் தேவலை என்று இருக்கும். ராத்திரி மனைவி புரண்டு படுத்தால் எழுந்து உட்கார்ந்துகொள்வேன். அவளிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

மகள் ஷார்ஜா ஆஸ்பத்திரியில் பிறந்தாள். மறுநாள் மேடம் வந்தார். அந்த வெயிலில் வெள்ளை ஃபரில் தைத்த குஞ்சுத் தொப்பி ஒன்றைக் கொண்டுவந்து பிள்ளை தலையில் வைத்து அழகு பார்த்தார். பிறகு என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டார்.

"அன்னைக்குக் குளிர் ரூம்ல அவர்ட்டதான பேசுன?"

ஆமாம் என்று தலையாட்டினேன்.

"பீட்டர் கதைய அவரு முழுசாச் சொல்ல மாட்டாரு. கடைசில அவன் ராஜ்யத்த எழுதிக் குடுத்துட்டான். என் நாயக் குடு, வயலினக் குடுன்னு கேட்டான். கேத்தரின் குடுத்தா. உங்க மொதலாளியும் ஏர்போர்ட்லருந்து எனக்குப் போன் பண்ணி ஒண்ணே ஒண்ணு கேட்டாரு. கோவில்பட்டிக்காரன் விசால கைவைக்காதன்னு."

"சாவிய நான் உங்கள்ட்டக் குடுத்தது அவருக்குத் தெரியாதுல்லா, மேடம்?"

"நான் சொல்லிட்டேனே. சொன்ன பொறவுதான் கேட்டாரு."

நான் கேட்டேன், அந்தப் பீட்டர் அப்புறம் என்ன ஆனான் என்று.

"ஒரு வாரத்துல செத்துட்டான். மூலவியாதின்னு ஊருக்குச் சொன்னாவ" என்று சொல்லிவிட்டு மேடம் படியிறங்கிப் போனார்.

அத்தனை நாளும் எனக்காகவும் என் மனைவிக்காகவும் பயந்தவன், அந்த வராந்தாவில்தான் முதல் தடவையாக முதலாளிக்காகப் பயந்தேன். இன்று நினைத்தால் சிரிப்பு வருகிறது. மேடம் ராணியும் அல்ல, தூத்துக்குடி சிறைக்கோட்டையும் அல்ல. ஆனாலும் அன்று அது தோன்றவில்லை. மேடத்தின் கார் போனதைப் பார்த்துவிட்டு, தெருமுனைப் பொதுத் தொலைபேசியிலிருந்து, ஏர்போர்ட்டிலிருந்தே ஊருக்குத் திருப்பி அனுப்பப்பட்ட முதலாளியின் தூத்துக்குடி வீட்டு எண்ணைப் போட்டேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. வைத்துவிடப் போகும்போது யாரோ எடுத்தார்கள்.

"மொதலாளி" என்றேன்.

"பிள்ள பொறந்துட்டாடே?" என்றார்.