வேலிக்கம்பி வழியே வந்த அழைப்பு

என் கணவரின் அக்கா ஹெஸ்பாவுக்குப் புத்தி பிசகிவிட்டது என்று கம்பளி வெட்ட வரும் ஆட்கள் பேசிக்கொண்ட ஒரு காலம் உண்டு. நான் அப்படி நினைத்ததில்லை. ஆட்டுக் குளம்பு வெட்டுவதில் அவளை மிஞ்ச அந்த உப்புச்செடிச் சீமையில் ஆளில்லை. பேய், ஆவி என்று யாராவது பேச்செடுத்தால், "போய் ஆட்டுக்குத் தண்ணி காட்டு" என்று விரட்டுவாள்.

அவள் புருஷன் ரூபன் ஒரு கோடையில், வழிதவறிய ஆடுகளைத் தேடிக் குதிரையில் போனான். குதிரை மட்டும் வடக்குக் கிணற்றடியில் நின்றது. போலீசும் அக்கம்பக்கத்தாரும் அந்தக் கிணற்றைச் சுற்றியே தேடினார்கள். ஒரு பொத்தான்கூடக் கிடைக்கவில்லை.

என் கணவர் ஆம்புரோஸ் அவளைக் கூப்பிட்டுப் பார்த்தார். "தனியாக் கெடந்து பாம்பு கடிச்சா யாருக்குத் தெரியும்? எங்களோட வந்துரு அக்கா."

"உன் கொறட்டைய வினி ஒருத்தி சகிச்சாப் போதும். நான் வரலடா," என்றாள் என்னைக் காட்டி.

"அப்ப பாம்பு கடிச்சா?"

"மணி அடிக்கிறேன். ஓடி வா."

விளையாட்டுப் பேச்சு என்றுதான் நினைத்தோம். அவள் செய்தே காட்டினாள். எங்கள் இரண்டு வீட்டையும் தொட்டுக்கொண்டு ஒரே வேலி ஓடியது. அதன் மேல்கம்பி மரக்கம்பத்தில் படாதபடி, உடைந்த பாட்டில் கழுத்துகளைச் செருகிக்கொண்டே வந்தாள். கம்பி வழியே மின்சாரம் வந்தால் மணியடிக்க ஒரு மின்காந்தம் வேண்டும். அதை அவளே சமையல் மேசையில் உட்கார்ந்து செய்தாள்.

முதலில் ஒரு பழைய அரத்தின் மேல் கம்பி சுற்றி, டார்ச் பாட்டரியில் இணைத்தாள். குண்டூசிகள் பாய்ந்து ஒட்டிக்கொண்டன. மின்சாரத்தை நிறுத்தியும் அரம் அவற்றை விடவில்லை. "இது புடிச்சா விடாத சாதி. மணிக்கு ஆகாது," என்று தூர வைத்தாள். பிறகு ஒரு தடித்த போல்ட்டை அடுப்பில் சிவக்கக் காய்ச்சி, சாம்பலில் புதைத்து மெள்ள ஆறவிட்டாள்; அப்படி இளகிய இரும்பு பிடித்ததை விட்டுவிடுமாம். காகிதம் சுற்றி, அதன்மேல் செத்துப்போன ஒரு காரிலிருந்து உருவிய மெல்லிய செம்புக்கம்பியை நெருக்கமாகச் சுற்றினாள். அன்று நான் வாயாடியதில் அவள் கை பாதியில் திசை மாறிவிட்டது. எதிரெதிராகச் சுற்றியதால் இழுவை போய்விட்டது.

"உன் வாய்க்கு ஒரு பூட்டுப் போடணும்டி," என்று திட்டியபடியே முழுவதையும் பிரித்து மறுபடி சுற்றினாள்.

ஜாம் பாட்டில்களில் மயில்துத்தக் கரைசல் ஊற்றி, செம்பும் துத்தநாகமும் தொங்கவிட்டாள்; அதுதான் எங்கள் பாட்டரி. கம்பி நுனியைச் சுரண்டி இணைத்ததும் போல்ட் ஓர் இரும்புத் தகட்டை இழுக்க, தகடு ஆட்டுமணியில் தட்டியது. விட்டதும் தகடு பின்வாங்கியது. அவளிடம் ஒன்று, எங்களிடம் ஒன்று; இரண்டுக்கும் மறுகம்பி ஈர மண்ணுக்குள். ஓர் அடி என்றால் நலம். விடாமல் அடித்தால் வா.

அடுத்த கோடையில் ஒரு பிற்பகல் எங்கள் மணி அடித்தது. ஓர் அடி. சற்று நின்று இன்னொன்று. பிறகு நீளமாக ஒரு மௌனம், திரும்பவும் அடி. மேகம் இல்லை, காற்று இல்லை. நாய்கள் மேசைக்கடியில் போய்ப் படுத்துக்கொண்டன. அக்காவுக்கு என்னவோ என்று நாங்கள் வண்டியைக் கிளப்பினோம். பாதி வழியில் எதிரே அவள் குதிரையில் பறந்து வந்தாள்.

"யாருக்கு என்னாச்சு?" என்றாள் மூச்சிரைக்க.

"எங்களுக்கு என்ன? நீதான அக்கா அடிச்ச?"

"நானா? நீங்கதான ஒரு மணி நேரமா அடிச்சிட்டு இருந்தீங்க!"

மூவரும் எங்கள் வீட்டுக்குத் திரும்பினோம். வாசலுக்கு வருமுன்னே கேட்டது. ஆளில்லாத வீட்டுக்குள் மணி அடித்துக்கொண்டிருந்தது. ஆம்புரோஸ் ஜாம் பாட்டில்களிலிருந்து கம்பிகளைப் பிடுங்கிப் போட்டார். அப்படியும் போல்ட் தகட்டை இழுத்தது. மணி அடித்தது.

"அக்கா வீட்டுல யாருமில்ல, இங்கயும் யாருமில்ல," என்றார் அவர். "அப்ப யாரு அடிக்கிறது?"

ஹெஸ்பா ஜன்னலைப் பார்த்தாள். எங்கள் வீட்டைத் தாண்டியும் அந்தக் கம்பி போகிறது. ஆள் குடியில்லாத மேற்கில், உப்பு ஏரி வரை போகிறது. அங்கே யாருக்கும் வேலையில்லை.

"அந்தப் பக்கம் யாரும் தேடலையே," என்றாள்.

இருட்டத் தொடங்கியதும் தெற்கு வானம் சிவந்தது. காட்டுத்தீ என்றால் புகை நாறும். எதுவும் நாறவில்லை. திரைச்சீலை போல அந்தச் சிவப்பு ஆடியது. அதன் கீழே நின்ற ஆடுகளின் முதுகெல்லாம் ரத்தம் பூசினாற்போல் இருந்தது. ஹெஸ்பா நாற்காலியைப் போட்டு மணியின் முன்னால் உட்கார்ந்தாள். ஒவ்வோர் அடிக்கும் தாழ்ந்த குரலில், "கேக்குது. விடியட்டும், வர்றேன்," என்று சொன்னாள்.

விடிந்ததும் மணி ஓய்ந்துவிட்டது. வேலியைப் பிடித்துக்கொண்டே மூவரும் மேற்கே போனோம். வெயில் ஏறிய பிறகு உப்பு ஏரி வந்தது. கடைசிக் கம்பம் சாய்ந்து, கம்பியின் நுனி ஈர உப்புக்குள் புதைந்து கிடந்தது. அதற்குக் கொஞ்சம் இப்பால், ஒரு கம்பத்தில் ஒரு ஜோடி பூட்ஸ் தொங்கியது. கம்பத்தடியில் மணல் மூடியும் மூடாமலும் ரூபன் இருந்தான். கையெலும்புகள் கீழ்க்கம்பியை வளைத்துக் கிடந்தன. வேலியைப் பிடித்து நடந்தால் வீடு வரும் என்று அவனுக்குத் தெரியும். எந்தப் பக்கம் வீடு என்பதுதான் தாகத்தில் மறந்துபோயிருக்கிறது.

ஹெஸ்பா அழவில்லை. "எதிர்ப்பக்கமா நடந்துட்டியேய்யா," என்றாள். பூட்ஸை இறக்கி மணலைத் தட்டினாள்.

அடக்கத்துக்கு வந்த தபால் அதிகாரி விளக்கம் சொன்னார். சூரியனில் ஏதோ கொந்தளிப்பாம். அந்தச் சிவப்பும் அதனால்தானாம். தந்திக்கம்பிகளில் எல்லாம் தானாக மின்சாரம் ஓடி, கருவிகள் கண்டபடி தட்டினவாம். உங்கள் கம்பியின் நுனி உப்பு ஈரத்தில் இருந்ததால் உங்களுக்கும் ஓடியிருக்கிறது என்றார். அவர் சொன்னது சரியாகத்தான் இருக்க வேண்டும்.

"இருக்கும்," என்றாள் ஹெஸ்பா. "டீ ஆறுது, குடிங்க."

மறுவாரம் எங்கள் வீட்டுக்கு மேற்கே போகும் கம்பியை வெட்டிவிட ஆம்புரோஸ் வெட்டும் குறடு ஒன்றை எடுத்தார். ஹெஸ்பா அதை வாங்கித் தானே வெட்டினாள். வெட்டிய நுனியைக் கம்பத்தில் பத்திரமாக மடக்கிக் கட்டினாள். அன்று மாலை தன் வீட்டுக்குப் போனதும் ஓர் அடி அடித்தாள். நான் பதிலுக்கு ஓர் அடி அடித்தேன். ஆனால் அதற்கு முன், அடித்தது அவள்தானா என உறுதி செய்ய வெளியே போய் அவள் வீட்டுப் புகைபோக்கியில் புகை தெரிகிறதா என்று கூரைமேல் ஏறிப் பார்த்தேன்.